மெஷ் என்று கேட்டால் போதுமா?



சென்ற மாதம் எங்கள் கடைப் பையனைக் கூப்பிட்டு, "இரும்புச் சாமான் கடைக்குப் போய் மெஷ் வாங்கி வா" என்று பணம் கொடுத்து அனுப்பினேன். அரை மணி நேரத்தில் வெறுங்கையோடு திரும்பி வந்தான். "என்ன மெஷ் என்று கேட்கிறார்கள் முதலாளி. கொசு மெஷ்ஷா, கோழி மெஷ்ஷா, வெல்டு மெஷ்ஷா, மாவு சலிக்கிற மெஷ்ஷா? எத்தனையாம் நம்பர், எத்தனை கேஜ், இரும்பா, ஸ்டீலா, நைலானா என்கிறார்கள். எனக்கு ஒன்றும் சொல்லத் தெரியவில்லை" என்றான். குற்றம் பையன் மேல் இல்லை. சொல்லி அனுப்பியவன் மேல்தான். ஒரே சொல்லை ஒன்பது பொருளுக்கு வைத்துக்கொண்டு, நம் மனதில் இருப்பது அடுத்தவனுக்கும் தெரியும் என்று நினைத்துவிடுகிறோம்.

நம் தொழிலில் இந்தச் சொல் புழங்காத நாளே இல்லை. ரவை, மாவு, மிளகாய்த் தூள், மஞ்சள் தூள் எல்லாம் மெஷ் கணக்கில்தான் ஆலையில் பேசப்படுகின்றன. வெங்காயம் மெஷ் பையில் வருகிறது. குடோன் ஜன்னலுக்கு மெஷ் அடிக்கிறோம். அடையாறு பக்கம் அடுக்குமாடி வீடுகளில் புறா வராமல் பால்கனிக்கு மெஷ் கட்டுகிறார்கள். தியாகராய நகர் கடைகளில் காற்றோட்டமான பனியனும் காலணியும் மெஷ் என்ற பெயரில்தான் விற்பனையாகின்றன. மாவு மில் மெக்கானிக்கோ, இரண்டு பல் சக்கரங்கள் ஒன்றோடொன்று சரியாகக் கவ்வாவிட்டால் "மெஷ் ஆகவில்லை" என்பார். ஒரே மில்லில் ஒருவர் "மெஷ் சரியில்லை" என்று சொன்னால், அது சல்லடையா, பல் சக்கரமா என்று கேட்டுத்தான் தெரிந்துகொள்ள வேண்டும்.

நம் சொல் கண்

தமிழில் இதற்கு நல்ல சொல் ஒன்று இருக்கிறது. கண். வலைக் கண், சல்லடைக் கண் என்கிறோம். பாலத்தின் வளைவுகளையும் கண் என்றுதான் எண்ணுகிறோம். பல கண்களை உடைய ஜன்னலுக்குப் பலகணி என்று பெயர் வைத்தார்கள் நம் முன்னோர். மெஷ் என்ற ஆங்கிலச் சொல்லுக்கும் பழைய பொருள் இழைகளுக்கு நடுவே இருக்கும் திறப்பு என்பதுதான். பிறகு அது வலை முழுவதற்கும் பெயராகிவிட்டது.

இந்த வேறுபாட்டை நான் வேண்டுமென்றே சொல்கிறேன். வலை என்றால் நம் கவனம் கம்பியின் மேலும் நூலின் மேலும் போகிறது. கண் என்றால் நடுவில் உள்ள வெற்றிடத்தின் மேல் போகிறது. எது உள்ளே போகும், எது நிற்கும் என்பதைத் தீர்மானிப்பது அந்த வெற்றிடம்தான். இதைப் புரிந்துகொள்ளாமல் நான் பட்ட அனுபவம் ஒன்று உண்டு. வெட்கப்படாமல் சொல்கிறேன். மற்றவர்களுக்காவது பயன்படட்டும்.

சீடை வெடித்த கதை

2011-ம் ஆண்டு கோகுலாஷ்டமிக்கு முந்தைய வாரம். மயிலாப்பூரில் குளத்துக்குப் பக்கத்தில் ஆர்டரின்பேரில் பட்சணம் செய்து கொடுக்கும் மாமி ஒருவர் எங்களிடம் பல வருஷங்களாக அரிசி மாவு வாங்கி வந்தார். அந்த வாரம் 60 கிலோ எடுத்தார். எப்போதும் எடுக்கும் அதே மாவு, அதே மில், அதே விலை.

மூன்றாம் நாள் மாமியே ஆட்டோவில் கடைக்கு வந்துவிட்டார். கையில் ஒரு டப்பா மாவு. "அண்ணாச்சி, மாவு மாறிடுத்தா? நேத்திக்குப் போட்ட சீடை வாணலியிலே வெடிச்சு, ஒத்தாசைக்கு வர பொண்ணு கையிலே எண்ணெய் தெறிச்சுடுத்து. உங்க மாவுங்கற நம்பிக்கையிலே நான் திரும்பச் சலிக்கலை" என்றார். சத்தம் போடவில்லை. சத்தம் போட்டிருந்தால்கூட எனக்கு அவ்வளவு உறைத்திருக்காது.

சீடைக்கு மாவு நைசாக இருக்க வேண்டும், திரும்பவும் சலித்துக்கொள்ள வேண்டும் என்பது வீட்டுப் பெண்கள் எல்லோரும் அறிந்த பாடம். குருணை கலந்தால் வெடிக்கும் என்பார்கள். டப்பாவில் இருந்த மாவை விரலில் எடுத்து நிமிண்டிப் பார்த்தேன். நறநறவென்றது. பழைய மாவு இல்லை அது.

உடனே மில்லுக்குப் போனேன். மில்காரரைச் சத்தம் போட்டேன். அவர் பதறாமல் சல்லடையைக் கழற்றிக்கொண்டு வந்து வைத்தார். "முப்பது மெஷ்தான் அண்ணாச்சி. பழசு கிழிஞ்சு போச்சு, போன மாசம் புதுசு போட்டேன். அதே முப்பதுதான். நீங்களே எண்ணிப் பாருங்க" என்றார். அடிக்கோல் வைத்து எண்ணினேன். ஓர் அங்குலத்துக்கு முப்பது கண். பழைய சல்லடையின் கிழிந்த துண்டு மூலையில் கிடந்தது. அதையும் எண்ணினேன். அதிலும் முப்பதுதான். அவர் பொய் சொல்லவில்லை. ஆனால் மாவு மாறியிருந்தது.

இரண்டு துண்டுகளையும் வெளிச்சத்துக்கு நேரே பிடித்துப் பார்த்தபோதுதான் விஷயம் விளங்கியது. பழையதில் கம்பி தடிமன். புதியதில் கம்பி மெல்லிசு.

கணக்கு இதுதான்

மெஷ் நம்பர் என்பது ஓர் அங்குல நீளத்தில் எத்தனை கண் இருக்கிறது என்ற எண்ணிக்கை. ஓர் அங்குலம் 25.4 மி.மீ. அதை முப்பதால் வகுத்தால் 0.847 மி.மீ. இது கண் மட்டும் இல்லை. ஒரு கண்ணும் அதை ஒட்டிய ஒரு கம்பியும் சேர்ந்த இடம். இதிலிருந்து கம்பியின் தடிமனைக் கழித்தால் மிஞ்சுவதுதான் உண்மையான கண்.

பழைய சல்லடை 28 கேஜ் கம்பி. அதன் தடிமன் 0.376 மி.மீ. கழித்தால் கண் 0.47 மி.மீ. புதிய சல்லடை 34 கேஜ் கம்பி. தடிமன் 0.234 மி.மீ. கழித்தால் கண் 0.61 மி.மீ. இரண்டும் முப்பது மெஷ்தான். ஆனால் பழைய சல்லடையில் மொத்தப் பரப்பில் நூற்றுக்கு 31 பங்குதான் திறப்பு. புதியதில் நூற்றுக்கு 52 பங்கு. கம்பி மெலிந்தால் சல்லடையின் எடை குறையும், விலை குறையும், மாவும் மளமளவென்று இறங்கும். மில்காரருக்கு மூன்றும் லாபம். அவருக்கே தெரியாமல் குருணையும் சேர்ந்து இறங்கிவிட்டது.

ஊசியைப் பார்த்துச் சல்லடை, "உன்னிடம் ஒரு ஓட்டை இருக்கிறது" என்று சொன்னதாம். அந்தக் கதைதான் என் கதையும். மில்காரரைக் குறை சொல்லப் போனேன். இத்தனை வருஷமாக "முப்பது மெஷ்" என்று ஒற்றை வார்த்தையில் ஆர்டர் கொடுத்தது நான்தானே? கண் எத்தனை மில்லி மீட்டர் என்று ஒருநாளும் கேட்டதில்லை. வந்த மாவைச் சலித்துப் பார்த்ததும் இல்லை. மிச்ச மாவைத் திரும்ப எடுத்துக்கொண்டு, பழைய கையிருப்பில் நல்ல மாவு கொடுத்து, அந்தப் பெண்ணின் வைத்தியச் செலவையும் கொடுத்தேன். காயம் ஆறிவிட்டது. மாமியும் தொடர்ந்து வந்தார். ஆனால் அதற்குப் பிறகு எங்கள் மாவை வாங்கிக்கொண்டுபோய் வீட்டில் ஒருமுறை சலித்தார். அந்த ஒரு சலிப்புத்தான் எனக்கு நஷ்டக் கணக்கு.

எண் பெருகினால் பொருள் சிறுக்கும்

மெஷ்ஷில் இன்னொரு தடுமாற்றமும் உண்டு. நம்பர் கூடக் கூடக் கண் சிறியதாகும். 20 மெஷ்ஷைவிட 60 மெஷ் நைசு. புதிதாகத் தொழிலுக்கு வரும் பிள்ளைகள் இதைத் தலைகீழாகப் புரிந்துகொள்கிறார்கள். அவர்களுக்கு நான் முந்திரியைக் காட்டுவேன். 180, 240, 320 என்று ரகம் பிரிக்கிறோமே, அது ஒரு பவுண்டு எடைக்கு எத்தனை முழுப் பருப்பு நிற்கும் என்ற எண்ணிக்கை. எண் கூடினால் பருப்பு சிறியது. கம்பியின் கேஜும் அப்படியே. 28 கேஜைவிட 34 கேஜ் மெல்லிசு. பவுண்டும் அங்குலமும் நடைமுறையில் இருந்த காலத்து வழக்கம் இது.

வீசையும் பலமும் போய் கிலோ வர 1956-ல் சட்டம் வந்தது. தராசிலிருந்து பழைய கணக்கு போய்விட்டது. சல்லடையிலிருந்து அங்குலம் இன்னும் போகவில்லை. ஆனால் தர நிர்ணயம் செய்பவர்கள் எப்போதோ மாறிவிட்டார்கள். சோதனைச் சல்லடைகளுக்கு ஐ.எஸ். 460 என்று ஒரு இந்தியத் தரம் இருக்கிறது. அது கண்ணின் அளவையே மில்லி மீட்டரிலும் மைக்ரானிலும் சொல்கிறது. ஆயிரம் மைக்ரான் ஒரு மி.மீ. மஞ்சள் தூளின் நயத்தை 300 மைக்ரான் சல்லடையை வைத்துத்தான் அளக்கிறார்கள். இது ஏறக்குறைய 50 மெஷ்.

மலைச் சரக்கில் நாமும் இந்த முறைக்கு வந்துவிட்டோம். ஏலக்காயில் 7-8 மி.மீ., 8 மி.மீ. என்று போடிநாயக்கனூரில் பேசுகிறோம். தலைச்சேரி மிளகில் 4.25 மி.மீ., 4.75 மி.மீ. என்று ரகம் உண்டு. அங்கே யாரும் மெஷ் நம்பர் சொல்லி ஏமாறுவதில்லை. விலை கூடிய சரக்கில் இருக்கும் ஜாக்கிரதை, விலை குறைந்த மாவில் நமக்கு இல்லாமல் போய்விட்டது.

குப்பத்தில் கேட்ட பாடம்

அடையாறு முகத்துவாரத்துக்குத் தெற்கே ஊரூர் குப்பம் இருக்கிறது. காலை நடைக்குப் போகும்போது அங்கே வலை பின்னிக்கொண்டிருந்த பெரியவர் ஒருவரிடம் பேச்சுக் கொடுத்தேன். "மீனைப் பாத்துக் கண்ணு போடணும் முதலாளி. வலையைப் பாத்து மீனு வராது" என்றார். செவுள் வலையில் மீனின் தலை கண்ணுக்குள் நுழைய வேண்டும், உடல் நுழையக் கூடாது. அப்போதுதான் செவுள் மாட்டும். கண் பெரிதானால் மீன் கடந்து போய்விடும். சிறிதானால் தலையே நுழையாது. ஆகவே ஒவ்வொரு மீனுக்கும் ஒவ்வொரு கண்.

அவர்களிடமும் நம்முடைய குழப்பம் உண்டு. கண்ணை ஒரு முடிச்சிலிருந்து அடுத்த முடிச்சு வரை அளப்பது ஒரு முறை. கண்ணை இழுத்துப் பிடித்து நீளமாக அளப்பது இன்னொரு முறை. முதல் முறையில் 20 மி.மீ. என்றால், இரண்டாவது முறையில் அதே கண் 40 மி.மீ. எந்த முறை என்று சொல்லாமல் வலை வாங்கினால் தொழில் கெடும். கண் மிகச் சிறியதானால் குஞ்சு மீன்கள் எல்லாம் வாரப்பட்டு அடுத்த வருஷத்து மீன் அழியும். இதற்காகவே தமிழ்நாடு கடல் மீன்பிடி ஒழுங்குமுறைச் சட்டம், 1983-ன் கீழ் வலைக் கண்ணின் அளவுக்கும் கட்டுப்பாடு இருக்கிறது. கடலில்கூடக் கண்ணுக்குச் சட்டம் இருக்கும்போது, கடையில் நாம் கண்ணை மூடிக்கொண்டு வாங்குகிறோம்.

குடோனுக்கு எந்தக் கண்?

உணவுப் பாதுகாப்பு உரிமம் வைத்திருக்கும் நம் உறுப்பினர்களுக்குத் தெரியும். 2011-ம் ஆண்டு ஒழுங்குமுறைகளின் நான்காம் அட்டவணைப்படி ஜன்னல், கதவு, மற்ற திறப்புகளுக்கு வலையடித்துப் பூச்சி வராமல் தடுக்க வேண்டும். அதிகாரி வருகிறார் என்று கிடைத்த வலையை அடித்துவிடுகிறோம். பலர் அடிப்பது கோழி வலை. அதன் கண் அரை அங்குலம், முக்கால் அங்குலம். பூச்சியை விடுங்கள், சுண்டெலிக்கே அது திறந்த வாசல். சுண்டெலிக்கு 6 மி.மீ. இடைவெளி போதும். எலிக்காக அடிக்கும் கம்பி வலை கால் அங்குலக் கண்ணுக்கு மேல் போகக் கூடாது. நைலான் வலையை எலி கடித்துவிடும். கம்பிதான் நிற்கும்.

கொசு வலை ஈயையும் கொசுவையும் தடுக்கும். அதன் கண் ஏறக்குறைய ஒன்றேகால் மி.மீ. அரிசி வண்டு ஒல்லியானது. கொசு வலை அடித்தாயிற்று, இனி வண்டு வராது என்று நம்பி இருந்துவிடாதீர்கள். வண்டு பெரும்பாலும் மூட்டைக்குள்ளேயே வருகிறது. அதற்கு மருந்து பழைய சரக்கை முதலில் விற்பதும், குடோனைக் கூட்டி வைப்பதும்தான்.

பையிலும் கண், உடம்பிலும் கண்

வெங்காயமும் உருளைக்கிழங்கும் வலைப் பையில் வருவதன் காரணம் காற்றுத்தான். அறுத்த பிறகும் வெங்காயம் மூச்சு விடுகிறது. காற்று போகாவிட்டால் வியர்த்து அழுகும். சிலர் அந்தப் பையோடு சுவர் ஓரமாக நெருக்கி அடுக்கி, மேலே தார்ப்பாயும் போட்டுவிடுகிறார்கள். கண் இருந்தும் மூச்சு இல்லை. சணல் சாக்கிலும் இந்தக் குணம் உண்டு. குத்தூசி போட்டு மாதிரி எடுத்தாலும் இழை மறுபடி சேர்ந்துகொள்ளும். பிளாஸ்டிக் சாக்கில் அறுந்த இடம் அறுந்ததுதான்.

வலைப் பையைப் பற்றிச் சொல்லும்போது ஒன்று நினைவுக்கு வருகிறது. எங்களிடம் இருபது வருஷத்துக்கு மேல் மூட்டை தூக்கியவருக்குக் குடலிறக்கம் வந்தது. அறுவை செய்து உள்ளே ஒரு வலை வைத்துத் தைத்தார்கள். டாக்டர் அதையும் மெஷ் என்றே சொன்னார். அது பாலிபுரொப்பிலின் என்னும் பிளாஸ்டிக் இழை. நம் வெங்காயப் பைகள் பலவும் அதே இனம்தான். "இதில் எதற்கு ஓட்டை?" என்று கேட்டேன். அந்தக் கண்களின் வழியாகத்தான் உடம்பின் சதை வளர்ந்து வலையைப் பிடித்துக்கொள்ளும் என்றார். அங்கேயும் வேலை செய்வது கண்தான். ஐம்பது கிலோ மூட்டையைத் தனியாளாகத் தூக்கவிடாமல், இரண்டு பேரையோ தள்ளுவண்டியையோ வைத்திருந்தால் அந்த வலை தேவைப்பட்டிருக்காதோ என்று எனக்கு இன்றும் ஓர் உறுத்தல் உண்டு.

நாம் செய்ய வேண்டியது

இனி ஆர்டர் கொடுக்கும்போது மெஷ் நம்பரோடு நிறுத்தாதீர்கள். கண் எத்தனை மில்லி மீட்டர் அல்லது எத்தனை மைக்ரான் என்று எழுதிக் கொடுங்கள். சல்லடை வாங்குவதானால் கம்பி கேஜையும் கேளுங்கள். 25.4-ஐ மெஷ் நம்பரால் வகுத்து, கம்பித் தடிமனைக் கழித்தால் கண் வந்துவிடும். பள்ளிக்கூடக் கணக்குத்தான்.

கடையில் ஒரு நல்ல சல்லடையை மாதிரிச் சல்லடையாகத் தனியே வைத்துக்கொள்ளுங்கள். ஒவ்வொரு லோடு வரும்போதும் 100 கிராம் எடுத்துச் சலித்து, மேலே நிற்பதை நிறுத்து, தேதி போட்டு நோட்டில் எழுதுங்கள். போன லோடுக்கும் இந்த லோடுக்கும் வித்தியாசம் தெரிந்தால் மில்லுக்கு அன்றே போன் செய்யுங்கள். சீடை வெடிக்கும் வரை காத்திருக்க வேண்டாம். மில்லில் சல்லடை மாற்றினால் முன்கூட்டியே சொல்ல வேண்டும் என்று மில்காரரிடம் பேசி வையுங்கள். 2011-க்குப் பிறகு நான் இப்படித்தான் செய்கிறேன். அதே மில்காரர்தான். எங்களுக்குள் இன்றுவரை ஒரு தகராறும் வந்ததில்லை.

நன்னூல் எழுதிய பவணந்தி முனிவர், மாணாக்கர்களில் கடைசித் தரத்துக்கு நெய்யரியை உவமையாகச் சொன்னார். நெய் வடிகட்டும் பன்னாடைதான் நெய்யரி. நல்ல நெய்யைக் கீழே விட்டுவிட்டு, கசடை மட்டும் பிடித்துவைத்துக்கொள்ளும். யாரையாவது திட்ட வேண்டுமானால் "பன்னாடை" என்று நாமும் திட்டுகிறோம். ஆனால் வடிகட்டி அதன் வேலையைச் சரியாகத்தான் செய்கிறது. மேலே நின்றதையும் கீழே இறங்கியதையும் பார்த்து, எது நமக்கு வேண்டியது என்று எடுத்துக்கொள்வது கடைக்காரன் வேலை.

சொல்லும் அப்படித்தான். மெஷ் என்று ஒரு சொல்லைச் சொல்லும்போது எதிரில் இருப்பவர் எதைப் புரிந்துகொண்டார் என்று ஒரு வார்த்தை கேட்டுக்கொண்டால், நஷ்டமும் இல்லை, மனக்கசப்பும் இல்லை. மறுநாள் எங்கள் கடைப் பையனிடம் ஒரு துண்டுச் சீட்டு எழுதிக் கொடுத்தேன். "குடோன் ஜன்னலுக்கு. இரும்புக் கம்பி வலை. கண் 6 மி.மீ. அகலம் மூன்றடி, நீளம் பன்னிரண்டடி." கால் மணி நேரத்தில் வாங்கி வந்துவிட்டான்.